அச்சுக்கூடத்துச் சிறுவன் மேயரான கதையும் நம் ஊர் நூலகமும்

(தேசிய நூலக வார விழாவையொட்டி வாசகர் வட்டக் கூட்டத்தில் பேசியது)

அவைத் தலைவர் ஐயா அவர்களே! இந்த ஊரில் பாதிப் பேருக்கு வரலாறு சொல்லிக்கொடுத்த தலைமையாசிரியர் நீங்கள். உங்கள் முன்னால் நின்று வரலாறு பேசக் கிடைத்த வாய்ப்பை நான் பேறாக நினைக்கிறேன். நகர்மன்றக் கூட்டம் முடிந்த கையோடு சாப்பிடக்கூடப் போகாமல் வந்திருக்கும் நகர்மன்றத் துணைத் தலைவர் அம்மா அவர்களே! மண்டபத்துக்கு வாடகை வேண்டாம், மின்சாரச் செலவும் எங்களுடையது என்று சொல்லிவிட்ட வணிகர் சங்கத் தலைவர் அண்ணாச்சி அவர்களே! மழைக்காலம் வந்தால் புத்தகங்களை அலமாரி அலமாரியாக இடம் மாற்றிக் காப்பாற்றும் எங்கள் நூலகர் சகோதரி அவர்களே! வாசகர் வட்டப் பெரியவர்களே, முன்வரிசையில் சத்தமில்லாமல் உட்கார்ந்திருக்கும் மாணவச் செல்வங்களே, தாய்மார்களே, எல்லோருக்கும் என் வணக்கம். ஒலிபெருக்கி போட்ட தம்பிகளுக்கும், வந்தவர்களுக்குத் தேநீர் கொடுத்த மகளிர் குழுச் சகோதரிகளுக்கும் தனியாக ஒரு நன்றி. இவர்கள் பெயர் எந்த அழைப்பிதழிலும் வருவதில்லை.

ஊர் கூடித் தேர் இழுக்க வேண்டும் என்பார்கள். நான் எந்த மேடையில் ஏறினாலும் இந்தப் பழமொழியைச் சொல்லாமல் இறங்குவதில்லை என்பது உங்களுக்குத் தெரியும். இன்றைக்கும் சொல்வேன், பலமுறை சொல்வேன். ஏனென்றால் இன்று நான் பேசப்போகிற மனிதர் தனியாகத் தேர் இழுத்தவர் அல்லர். பெயர் ஹியூ ஓபிரையன். அயர்லாந்தில் பிறந்து, அமெரிக்காவின் பாஸ்டன் நகரத்துக்கு மேயராக வந்தவர். அயர்லாந்தில் பிறந்த ஒருவர் அந்த நாற்காலியில் உட்கார்ந்தது அதுதான் முதல் தடவை.

மூன்று செய்திகள் சொல்வதாக உத்தேசம். அவர் வாழ்க்கை ஒன்று. அந்தக் காலத்து வார்டு அரசியல் எப்படி நடந்தது என்பது இரண்டு. ஊர் வரிப் பணத்தை என்ன செய்தார்கள் என்பது மூன்று.

1827 ஜூலை 13 அன்று, அயர்லாந்தின் வடக்கே ஃபெர்மனா மாவட்டத்தில் மக்வயர்ஸ்பிரிட்ஜ் என்ற சிற்றூரில் ஓபிரையன் பிறந்தார். 5 வயதில் பெற்றோரோடு கப்பலேறி பாஸ்டன் வந்து சேர்ந்தார். ஆங்கிலேய வம்சாவளிப் பழைய குடும்பங்களின் கைக்குள் இருந்த ஊர் அது. வியாபாரம், வங்கி, கல்லூரி, நகராட்சி எல்லாம் அவர்களுடையது. மதத்தால் அவர்கள் புராட்டஸ்டன்டுகள், வந்து இறங்கிய ஐரிஷ்காரர்கள் கத்தோலிக்கர்கள். 1834 ஆகஸ்டில், பாஸ்டனை ஒட்டிய சார்ல்ஸ்டவுனில் கன்னியாஸ்திரிகள் நடத்திய மடத்துப் பள்ளியை ஒரு கும்பல் கொளுத்தியது. அப்போது ஓபிரையனுக்கு 7 வயது. அந்தத் தீயின் சேதி தெரியாமல் எந்த ஐரிஷ் வீட்டுக் குழந்தையும் அந்த ஊரில் வளர்ந்திருக்க முடியாது.

12 வயதில் பள்ளிக்கூடம் முடிந்தது. ‘பாஸ்டன் கூரியர்’ என்ற செய்தித்தாளின் அச்சுக்கூடத்தில் வேலை பழகப் போனார். அச்சுக் கோப்பது என்றால் என்ன என்று இன்றைய பிள்ளைகளுக்குச் சொல்ல வேண்டும். ஈய எழுத்துகள் சிறு சிறு அறைகள் வைத்த மரத்தட்டில் கிடக்கும். ஒவ்வொன்றாகப் பொறுக்கி, இடது கையில் பிடித்த சின்ன இரும்புத் தட்டில் அடுக்க வேண்டும். எழுத்து இடவலம் மாறி இருக்கும், வரியைத் தலைகீழாகத்தான் படிக்க வேண்டும். அடித்து முடிந்ததும் அத்தனை எழுத்தையும் பிரித்து அதனதன் அறையில் போட வேண்டும். எங்கள் தெருமுனையில் கல்யாணப் பத்திரிகை அடிக்கும் அச்சகம் ஒன்று இருந்தது. அங்கே இருந்த கம்பாசிட்டர் அண்ணன் நம்மோடு பேசிக்கொண்டே இருப்பார், கண் இங்கே இருக்கும், கை மட்டும் தேவையான அறைக்குப் போய் எழுத்தை எடுத்து வரும். விரல் நுனியெல்லாம் கறுப்பு. செய்தித்தாளுக்குக் கோக்கும் பையன் ஊர்ச் சேதி முழுவதையும் எழுத்தெழுத்தாகப் படித்தே தீர வேண்டும். நகராட்சித் தீர்மானம், ஏலம், கப்பல் வரவு, சரக்கு விலை, எல்லாம் அவன் விரல் வழியாகத்தான் போகும். ஓபிரையன் படித்த கல்லூரி அதுதான்.

15 வயதில் இன்னோர் அச்சகத்தில் ஃபோர்மேன் ஆனார். பிறகு சொந்தமாக ஒரு வணிகப் பத்திரிகை தொடங்கினார். துறைமுகத்துக் கப்பல்களும் சந்தை நிலவரமும்தான் அதற்குப் பாடுபொருள். பாஸ்டன் வியாபாரிகளுக்கு அது வேண்டியிருந்தது. ஐரிஷ்காரன் என்று முகம் திருப்பிய பெரிய மனிதர்களே அவர் அச்சடித்த தாளை நம்பிக் கணக்குப் பார்த்தார்கள்.

பாஸ்டன் துறைமுகம் என்றதும் ஒன்றைச் சொல்லாமல் போக முடியாது. நமக்குச் சம்பந்தப்பட்டது. சென்னையில் மெரினாவுக்கு எதிரே ஐஸ் ஹவுஸ் என்று ஒரு கட்டடம், எல்லோருக்கும் தெரியும். இப்போது விவேகானந்தர் இல்லம். 1897-ல் சுவாமி வந்து தங்கிய இடம் என்று பள்ளிக்கூடத்திலிருந்து கூட்டிப்போய்க் காட்டுவார்கள். அதற்கு ஏன் ஐஸ் ஹவுஸ் என்று பெயர்? அந்தக் கட்டடம் 1842-ல் எழும்பியதே ஐஸ் வைப்பதற்குத்தான். அந்த ஐஸ் எங்கிருந்து வந்தது? பாஸ்டனிலிருந்து! சென்னை வெயிலுக்கு அமெரிக்காவிலிருந்து கப்பலில் ஐஸ்! ஃப்ரெடரிக் டியூடர் என்று ஒரு வியாபாரி. பாஸ்டன் பக்கத்துக் குளங்களும் ஏரிகளும் பனிக்காலத்தில் பாறையாக உறைந்துவிடும். குதிரை பூட்டிய கலப்பையால் அந்தப் பனியில் கோடு கோடாகக் கீறி, கட்டி கட்டியாக அறுத்து எடுப்பார்கள். மரத்தூளைச் சுற்றிலும் அடைத்துக் கப்பலில் அடுக்குவார்கள். 1833-ல் ‘டஸ்கனி’ என்ற கப்பல் 180 டன் ஐஸோடு பாஸ்டனிலிருந்து கல்கத்தாவுக்குக் கிளம்பியது. நாலு மாசப் பயணம். பூமத்திய ரேகையை இரண்டு தடவை தாண்ட வேண்டும். வழியெல்லாம் உருகி உருகி, போய்ச் சேர்ந்தபோதும் 100 டன் அளவுக்கு மிச்சம் இருந்தது. பகலில் இறக்கினால் உருகிவிடும் என்று இராத்திரியிலேயே இறக்க அனுமதி கொடுத்தார்கள், சுங்கவரியும் கிடையாது என்று விட்டுவிட்டார்கள். அப்புறம் பம்பாய், அப்புறம் நம் சென்னை. துரைமார்கள் கோப்பையில் மிதந்த அந்தக் கட்டியை உறைகுளிரில் குளத்தின் நடுவே நின்று அறுத்தவர்கள் யார்? அவர்களில் பலர் ஐரிஷ் கூலிகள். இதைப் படித்த நாளிலிருந்து அந்தக் கட்டடத்தைத் தாண்டும்போதெல்லாம் முகம் தெரியாத அந்தக் கைகளை நினைக்கிறேன். அதே கைகள்தான், அந்த மக்கள்தான், பின்னாளில் ஓபிரையனுக்கு ஓட்டுப் போட்டார்கள். ஊர் கூடித் தேர் இழுத்தார்கள்!

ஆனால் அந்த ஓட்டு சுலபமாகக் கிடைக்கவில்லை. 1845-ல் அயர்லாந்தில் உருளைக்கிழங்குப் பயிர் அழுகியது. தொடர்ந்து வந்த பஞ்சத்தில் ஏறத்தாழ 10 லட்சம் பேர் செத்தார்கள், அதற்கும் அதிகமானோர் நாட்டைவிட்டு ஓடினார்கள். 1847 என்ற ஒரே ஆண்டில் பாஸ்டனில் மட்டும் 37,000 பேர் அளவில் வந்து இறங்கினார்கள். துறைமுகத்து நிலவறைகளில் குடும்பம் குடும்பமாக அடைந்து கிடந்தார்கள். 1849-ல் காலரா வந்தபோது அந்தத் தெருக்களில்தான் சாவு அதிகம். ‘ஐரிஷ்காரர்கள் விண்ணப்பிக்க வேண்டாம்’ என்று வேலை விளம்பரங்களும் வந்தன.

பிறகு அரசியல் திரும்பியது. வந்தேறிகளை எதிர்ப்பதையே கொள்கையாகக் கொண்ட ஒரு கட்சி, ‘எனக்கு ஒன்றும் தெரியாது’ என்பதையே பட்டப்பெயராகப் பெற்ற கட்சி, 1854-ல் மாசசூசெட்ஸ் மாநிலத்தையே கைப்பற்றியது. 1857-ல் மாநில அரசியல் சட்டத்தில் ஒரு திருத்தம் வந்தது. அரசியல் சட்டத்தை ஆங்கிலத்தில் படித்துக் காட்டவும் தன் பெயரை எழுதவும் தெரியாதவனுக்கு ஓட்டுக் கிடையாது. ஏற்கெனவே ஓட்டுரிமை இருந்தவர்களுக்கும், 60 வயது ஆனவர்களுக்கும், உடல் ஊனத்தால் முடியாதவர்களுக்கும் விலக்கு. யாரைக் குறிவைத்த சட்டம் என்று நான் விளக்க வேண்டியதில்லை. 1859-ல் இன்னொன்று: குடியுரிமை வாங்கிய பிறகும் இரண்டு வருஷம் ஓட்டுக்குக் காத்திருக்க வேண்டும். உள்நாட்டுப் போர் வந்து, ஐரிஷ் படைப்பிரிவுகள் போர்க்களத்தில் இரத்தம் சிந்திய பிறகு, 1863-ல்தான் அந்த இரண்டு வருஷ விதியை எடுத்தார்கள். படிப்புச் சட்டம் நின்றது.

மாணவச் செல்வங்களே, இதைக் குறித்துக்கொள்ளுங்கள். படிப்பு என்பது ஒரு மனிதனை வெளியே நிறுத்தவும் பயன்பட்டிருக்கிறது. புத்தகம் கையில் கிடைக்காதவனுக்கு நீதிமன்றமும் இல்லை, நகர்மன்றமும் இல்லை, ஓட்டும் இல்லை.

ஓபிரையனுக்கு அந்தச் சட்டம் தடையில்லை. எழுத்தோடு பிறந்து வளர்ந்தவர் மாதிரி ஆகிவிட்டிருந்தார். 1875-ல் ஆல்டர்மென் சபைக்கு, அதாவது நகர்மன்றத்தின் 12 பேர் கொண்ட மேலவைக்கு, தேர்ந்தெடுக்கப்பட்டார். பல வருஷம் உறுப்பினர், சபைத் தலைவராகவும் இருந்தார். பேச்சாளி என்று பெயர் வாங்கவில்லை. வரவு செலவுப் பக்கங்களைப் படிக்கிறவர், கணக்குக் கேட்கிறவர் என்றுதான் பெயர் வாங்கினார். துணைத் தலைவர் அம்மாவுக்குத் தெரியும், மன்றத்தில் அந்த வேலைக்குக் கைதட்டல் கிடைக்காது. 1883-ல் மேயர் தேர்தலில் நின்று அகஸ்டஸ் மார்ட்டின் என்பவரிடம் தோற்றார். 1884 டிசம்பரில் அதே மார்ட்டினை எதிர்த்து நின்று ஜெயித்தார். 1885 ஜனவரியில் பதவியேற்றார். அப்போது பாஸ்டனில் வருஷத்துக்கு வருஷம் மேயர் தேர்தல். தொடர்ந்து நாலு முறை ஜெயித்தார்.

வார்டு அரசியலைப் பற்றிச் சொல்வதாகச் சொன்னேன். பேட்ரிக் மக்வயர் என்ற ஐரிஷ்காரர், ‘ரிப்பப்ளிக்’ பத்திரிகை நடத்தியவர், ஜனநாயகக் கட்சியின் நகரக் குழுவைக் கையில் வைத்திருந்தவர், ஓபிரையனை முன்னிறுத்தியதில் அவர் பங்கு பெரிது. பழைய குடும்பத்து ஜனநாயகக் கட்சிக்காரர்களையும் புதிய ஐரிஷ் வாக்காளர்களையும் ஒரே வண்டியில் ஏற்றினார். அது தனிப் பேச்சு. தலைவர் ஐயா அனுமதி கொடுத்தால் அடுத்த கூட்டத்தில் பேசுகிறேன்.

ஓபிரையன் பதவியேற்ற அந்த வருஷமே மாநிலச் சட்டமன்றம் என்ன செய்தது தெரியுமா? பாஸ்டன் போலீஸை மேயரின் அதிகாரத்திலிருந்து எடுத்து, ஆளுநர் நியமிக்கும் மூன்று பேர் குழுவிடம் கொடுத்தது. நகர வரிக்கும் கடனுக்கும் உச்சவரம்பு போட்டது. ஐரிஷ்காரன் கையில் கஜானாவும் லத்தியும் போனால் ஊர் என்ன ஆகுமோ என்ற பயம் அதற்குப் பின்னால் இருந்தது. போலீஸ் அதிகாரம் பாஸ்டன் மேயரிடம் திரும்பி வந்தது 1962-ல்!

பயந்தவர்கள் ஏமாந்தார்கள். ஓபிரையன் பணத்தை இறைக்கவில்லை. சிக்கனமானவர் என்று எதிர்க்கட்சிக்காரர்களே ஒப்புக்கொண்டார்கள். செலவழித்த பணத்தையும் எல்லோரும் நடந்து அனுபவிக்கும் இடத்தில் போட்டார். தெருக்களை அகலப்படுத்தும் வேலை நடந்தது. ஃப்ரெடரிக் லா ஓல்ம்ஸ்டெட் வகுத்த பூங்காத் தொடர் அவர் காலத்தில் முன்னேறியது. எல்லாவற்றுக்கும் மேலே, நூலகம்.

இனி நான் வேறு எதுவும் பேசப்போவதில்லை. நூலகம் மட்டும்தான்.

பாஸ்டனில் பொது நூலகம் அமைக்க 1848-ல் சட்டம் வந்தது. அமெரிக்காவின் பெரிய நகரங்களில், வரிப்பணத்தில் நடந்து யாருக்கும் கட்டணமில்லாமல் புத்தகம் கொடுத்த முதல் நூலகம் அது. 1852-ல், லண்டனில் வங்கி நடத்திய ஜோஷுவா பேட்ஸ் என்பவர் 50,000 டாலர் கொடுத்தார். மாசசூசெட்ஸ்காரர். இளம்வயதில் புத்தகம் வாங்கக் காசில்லாமல், ஒரு புத்தகக் கடையில் சாயங்காலம் தோறும் நின்று படித்த ஆள். ஒரு நிபந்தனை வைத்தார்: பணம் நான் கொடுக்கிறேன், ஊருக்கு அழகு சேர்க்கும் கட்டடத்தையும் 100, 150 பேர் உட்கார்ந்து படிக்கும் கூடத்தையும் நகராட்சி கொடுக்க வேண்டும். அண்ணாச்சி, தயவுசெய்து இதைக் கவனியுங்கள். கொடுப்பவர் கொடுத்தார், கூடவே ஊரையும் கையோடு சேர்த்து இழுத்தார்.

கட்டடம் வந்தது, சில வருஷத்திலேயே போதாமலும் போனது. புதிய கட்டடத்துக்குக் காப்ளி சதுக்கத்தில் 1880-ல் மாநிலமே நிலம் கொடுத்தது. நிலம் கிடைத்துவிட்டதே என்று யாரும் நிம்மதி அடைய முடியவில்லை. வருஷங்கள் ஓடின, வரைபடங்கள் வந்தன, போயின. 1887-ல்தான் சார்ல்ஸ் மக்கிம் என்ற கட்டடக் கலைஞரிடம் வேலை போனது. 1888 நவம்பரில் அடிக்கல் விழா. மேயர் ஓபிரையன் தலைமையில் நடந்தது. படிக்கத் தெரியாதவனுக்கு ஓட்டில்லை என்று சட்டம் வைத்திருந்த மாநிலத்தின் தலைநகரில், 12 வயதில் பள்ளியை விட்ட ஐரிஷ் பையன், எல்லோருக்குமான நூலகத்துக்குக் கல் வைத்தார்!

அடுத்த மாதமே தேர்தலில் தோற்றார். ஓர் உயர்நிலைப் பள்ளியில் கத்தோலிக்க சமயத்தைப் பற்றி ஆசிரியர் சொன்ன விளக்கம் அந்த வருஷம் பெரிய தகராறானது. பள்ளிக் குழு பாடநூலை நீக்கி ஆசிரியரை இடம் மாற்ற, ஊர் இரண்டுபட்டது. பெண்களுக்குப் பள்ளிக் குழுத் தேர்தலில் மட்டும் வாக்குரிமை இருந்த காலம். சுமார் 20,000 பெண்கள் புதிதாகத் திரண்டு வந்து பதிவு செய்துகொண்டார்கள். அந்த அலையில் மேயர் பதவியும் தாமஸ் ஹார்ட்டிடம் போனது. ஓபிரையனுக்கு அந்தத் தகராறில் பங்கில்லை, ஆனால் அவர் எந்தக் கோயிலுக்குப் போகிறார் என்பதே போதுமான குற்றமாகிவிட்டது. அது அநியாயம் என்று இந்த மேடையில் சொல்கிறேன்.

கட்டடம் நிற்கவில்லை, வளர்ந்தது. 20 லட்சம் டாலருக்கு மேல் செலவானது. 1895-ல் திறந்தார்கள். அதே வருஷம் ஆகஸ்டில் ஓபிரையன் காலமானார். வாசலுக்கு மேலே ‘எல்லோருக்கும் கட்டணமின்றி’ என்று செதுக்கியிருக்கிறது. முகப்பில் ‘மக்களால் கட்டப்பட்டது’ என்றும், அதோடு 1888 என்ற ஆண்டும். ஊர் கூடித் தேர் இழுத்ததைக் கல்லில் எழுதி வைத்திருக்கிறார்கள், பாருங்கள்.

சரி, மூன்றாவது செய்தி. வரிப் பணம். பாஸ்டன் சட்டம் 1848. நம் சென்னை மாகாணப் பொது நூலகச் சட்டம் 1948. சரியாக 100 வருஷம்! சுதந்திர இந்தியாவின் முதல் பொது நூலகச் சட்டம் நம்முடையது. சீர்காழியில் பிறந்த எஸ். ஆர். ரங்கநாதன் அவர்களின் விடாமுயற்சியும், அன்றைய கல்வி அமைச்சர் தி. சு. அவிநாசிலிங்கம் அவர்களின் துணையும் சேர்ந்து வந்தது. அந்தச் சட்டத்தின்படிதான் உங்கள் சொத்து வரியோடு நூலக வரி சேர்கிறது, ரூபாய்க்கு 10 பைசா. வீட்டுக்குப் போனதும் ரசீதை எடுத்துப் பாருங்கள், தனியாக எழுதியிருக்கும். ஓட்டு வீட்டுக்காரரும் கட்டுகிறார், மாடி வீட்டுக்காரரும் கட்டுகிறார். வாடகைக்குக் குடியிருப்பவரும் வாடகை வழியாகக் கட்டுகிறார். கட்டியவருக்குக் கேட்க உரிமை உண்டு.

நம் கிளை நூலகம் எப்படி இருக்கிறது? வாடகைக் கட்டடம். நாளிதழ் படிக்கும் கூடத்தில் பத்துப் பேர் உட்கார்ந்தால் பதினோராவது ஆள் வாசலில் நிற்கிறார். போட்டித் தேர்வுக்குப் படிக்கும் பிள்ளைகள் படிக்கட்டில் உட்கார்ந்து படிக்கிறார்கள். அதில் ஒரு பெண், தினமும் மத்தியானச் சாப்பாட்டை டிபன் பாக்ஸில் எடுத்து வந்து, நூலகம் பூட்டியிருக்கும் நேரத்தில் எதிர்த்த மருந்துக்கடைத் திண்ணையில் உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டு, திறக்கும்வரை அங்கேயே படிக்கிறாள். மருந்துக்கடைக்காரர் ஒருநாளும் எழுந்திரு என்று சொன்னதில்லை, அவருக்கு நன்றி. ஆனால் அந்தப் பிள்ளைக்கு மேசையும் மின்விசிறியும் கொடுக்க வேண்டியது திண்ணைக்காரரா, ஊரா?

துணைத் தலைவர் அம்மா அவர்களே, நான் உங்களைக் குறை சொல்ல வரவில்லை. கேட்க வந்திருக்கிறேன். பழைய பேருந்து நிலையத்துக்குப் பின்னால் நகராட்சி இடம் சும்மா கிடக்கிறது. அதை மாவட்ட நூலக ஆணைக்குழுவுக்குத் தானமாக எழுதிக் கொடுக்க ஒரு தீர்மானம் போடுங்கள். நிலம் வந்தால் கட்டட நிதி கேட்கலாம், நிலம் இல்லாமல் எந்த அலுவலகத்திலும் நம் மனு நகராது. நிலம் கிடைத்த பிறகும் விடாமல் துரத்த வேண்டும், பாஸ்டனிலேயே ஏழெட்டு வருஷம் இழுத்ததே. அண்ணாச்சி, சங்கத்திலிருந்து மேசை நாற்காலிகள். வசதி உள்ளவர்கள் 1,000 ரூபாய் கட்டிப் புரவலர் ஆகுங்கள்.

மனு வாசலில் மேசைமேல் இருக்கிறது. மூன்று கோரிக்கைகள்: நிலத்துக்குத் தீர்மானம், மத்தியானமும் நூலகம் திறந்திருப்பது, பெண்களுக்குத் தனிக் கழிவறை. படித்துப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள். பெயருக்குப் பக்கத்தில் வார்டு எண்ணும் சொத்து வரி ரசீது எண்ணும் எழுதுங்கள். ரசீது கையில் இல்லாதவர்கள் இடத்தை விட்டுவைத்தால் ஞாயிற்றுக்கிழமை வாசகர் வட்டப் பிள்ளைகள் வீட்டுக்கே வந்து எழுதிக்கொள்வார்கள். மாணவர்கள் கையெழுத்துப் போடத் தனித் தாள் வைத்திருக்கிறோம், பச்சை நிறக் கோப்பில். அடுத்த நகர்மன்றக் கூட்டத்தன்று காலை 10 மணிக்கு நகராட்சி அலுவலக வாசலில் கூடி மனுவைக் கொடுக்கிறோம், எல்லோரும் வாருங்கள். நன்றி, வணக்கம்.